653 ஏன் பாம்பனிலிருந்து புறப்பட்டது?

1964 டிசம்பர் 22ஆம் தேதி இரவு 11.55 மணிக்கு, 653ஆம் எண் பாசஞ்சர் வண்டி பாம்பன் நிலையத்திலிருந்து தனுஷ்கோடிக்குக் கிளம்பியது. ஆறு பெட்டிகள், 110 பயணிகள், 5 ரயில்வே ஊழியர்கள். தனுஷ்கோடியை நெருங்கியபோது சிக்னல் விழவில்லை. ஓட்டுநர் காத்திருந்து பார்த்தார். நீளமாக விசில் கொடுத்தார். பிறகு துணிந்து இருட்டுக்குள் வண்டியை நகர்த்தினார். நிலையத்துக்குச் சில நூறு கெஜ தூரமே இருந்தபோது புயலில் கடல் எழுந்து வந்து ஆறு பெட்டிகளையும் வாரிக்கொண்டு போயிற்று.

இந்தச் செய்தியைத் தமிழில் படிக்காதவர்கள் குறைவு. ஒவ்வொரு டிசம்பரிலும் ஏதாவது ஒரு நாளிதழில் வந்துவிடும். எனக்கு அதில் நெருடலாக இருந்தது ஓர் ஊர்ப் பெயர். இன்று ரயில் பாம்பனைத் தாண்டி, தங்கச்சிமடம் வழியாக ராமேஸ்வரத்தில் போய் முடிகிறது. தனுஷ்கோடிக்குப் போக வேண்டியவர் ராமேஸ்வரத்தில் இறங்கி, தென்கிழக்கே சாலையைப் பிடிக்கிறார். அந்தக் காலத்து ரயிலும் ராமேஸ்வரம் வந்து அங்கிருந்துதான் தனுஷ்கோடி போயிருக்கும் என்று பலர் எழுதிவிடுகிறார்கள். அப்படியென்றால் நள்ளிரவு பாசஞ்சர் ராமேஸ்வரத்திலிருந்துதானே கிளம்பியிருக்க வேண்டும்? எல்லாப் பதிவுகளும் பாம்பன் என்றே ஏன் சொல்கின்றன?

விடை வரைபடத்தில் இருந்தது. அமெரிக்க ராணுவத்தின் வரைபடப் பிரிவு 1950களில் இந்தியா முழுவதற்கும் இரண்டரை லட்சத்தில் ஒன்று என்ற அளவில் தாள்கள் போட்டது. இந்திய நிலஅளவைத் துறையின் பழைய தாள்களை அடிப்படையாகக் கொண்டவை அவை. இன்று யார் வேண்டுமானாலும் இணையத்தில் பார்க்கலாம். ராமேஸ்வரம் தீவு இருக்கும் தாளில் ரயில்பாதைக் கோட்டைக் கடலுக்கு மேலேயே பிடித்துக்கொண்டு வந்தால், பாம்பனில் கோடு இரண்டாகப் பிரிகிறது. ஒன்று கிழக்கே ராமேஸ்வரம் போகிறது. மற்றொன்று ராமேஸ்வரத்தைத் தொடாமலே தீவின் தென்கரையை ஒட்டி ஓடி, தரை ஒரு நாக்கைப் போல மெலிந்து நீளும் மணல் திட்டில் ஏறி, அதன் நுனிவரை செல்கிறது.

பாம்பன் அப்போது ஒரு ஜங்ஷன். அங்கிருந்து ராமேஸ்வரம் ஆறேகால் மைல், தனுஷ்கோடி 15 மைல். சென்னை எழும்பூரில் கிளம்பிய மெயில் வண்டி போய்ச் சேர்ந்த இடம் தனுஷ்கோடி. பாதை போட்டவர்களின் கண் கோயில்மீது இருக்கவில்லை, கொழும்பின்மீது இருந்தது. தமிழ்நாட்டில் ஒரு கோயில் நகரத்தை ஒதுக்கிவிட்டு வெறும் மணல் திட்டை நோக்கி ரயில் போயிற்று என்றால், அந்த மணலில் என்ன இருந்தது, அது எப்போது வந்தது, எப்போது போகத் தொடங்கியது என்று கேட்டாக வேண்டும். என் தேடல் அப்படித்தான் புயலை விட்டு விலகி ஐம்பது வருடம் பின்னால் போயிற்று.

தனுஷ்கோடி என்ற பெயர் மிகப் பழையது. மகோததி, ரத்னாகரம் என்ற இரண்டு கடல்களும் கூடும் இடத்தில் சேது தீர்த்தமாடினால்தான் காசி யாத்திரை முழுமை பெறும் என்பது நம்பிக்கை. அதனால் யாத்திரிகர்கள் காலங்காலமாக மணலில் நடந்து அங்கே போயிருக்கிறார்கள். அது குளித்துவிட்டுத் திரும்பும் இடம். மீனவர் குடிசைகளும் இருந்தன. டபிள்யூ. பிரான்சிஸ் தொகுத்த மதுரை மாவட்ட கெசட்டியர் 1906இல் வெளிவந்தது. ராமநாதபுரம் தனி மாவட்டமாக ஆகாத காலம் என்பதால் ராமேஸ்வரமும் அதற்குள்தான் வருகிறது. அதில் ரயில் நகரத்தைத் தேடிப் பயனில்லை. மதுரையிலிருந்து மண்டபம்வரை 1902இல் பாதை வந்துவிட்டது. பாம்பன்–ராமேஸ்வரம் துண்டுப் பாதை 1906இல் வந்தது. இரண்டுக்கும் நடுவில் கடல் கிடந்தது.

அப்போது இலங்கை போகிற மெயில் வண்டி தூத்துக்குடிக்கு ஓடிக்கொண்டிருந்தது. சென்னையிலிருந்து 709 கிலோமீட்டர், 21 மணி 50 நிமிடம். பிறகு கொழும்புவரை நீண்ட கப்பல் பயணம். இந்தக் கடல் பயணத்தைக் குறுக்கத்தான் தென்னிந்திய ரயில்வே கம்பெனி தனுஷ்கோடியைத் தேர்ந்தெடுத்தது. எதிரே இலங்கைக் கரையில் தலைமன்னார் 22 மைல். நடுவில் உள்ள மணல் திட்டுகளின் மேலேயே பாதை போட்டு ரயிலை நேராக இலங்கைக்குள் விட்டுவிடலாம் என்ற திட்டமும் பேசப்பட்டது. செலவு அதைத் தடுத்தது. ரயில், கப்பல், மறுபடி ரயில் என்ற ஏற்பாடு நிலைத்தது.

1911 ஆகஸ்டில் பாம்பன் பாலத்தின் வேலை தொடங்கியது. 1914 பிப்ரவரி 24ஆம் தேதி பாலம் திறக்கப்பட்டது. நீளம் இரண்டு கிலோமீட்டருக்குச் சற்று அதிகம். நடுவில் கப்பலுக்கு வழிவிடும் ஷெர்சர் தூக்குப் பகுதி 225 அடி. அதன் இரண்டு இறக்கைகளையும் ஆட்கள் இருபுறமும் நின்று நெம்புகோல் தள்ளிச் சுற்றித்தான் தூக்கினார்கள். அதே ஆண்டு அக்கரையில் மதவாச்சியிலிருந்து தலைமன்னாருக்கு இலங்கை அரசு ரயில்வேயின் பாதையும் திறந்தது. ஒரு நகரத்துக்குப் பிறந்த வருடம் இவ்வளவு துல்லியமாகக் கிடைப்பது அபூர்வம். தனுஷ்கோடி நகரம் 1914இல் பிறந்தது. சென்னையிலிருந்து 675 கிலோமீட்டர் வந்த வண்டி, ஊர் நிலையத்தைத் தாண்டிப் படகுத்துறை மேடைவரை போய் நின்றது. பயணிகள் நடந்து போய் நீராவிக் கப்பலில் ஏறினார்கள். ஏறத்தாழ இரண்டு மணி நேரத்தில் தலைமன்னார். அங்கே கொழும்பு வண்டி காத்திருந்தது.

ஊர் எவ்வளவு வேகமாக வளர்ந்தது என்று நேராகச் சொல்லும் தாள் எளிதில் கிடைக்காது. இப்படிப்பட்ட இடத்தில் கப்பல்களின் பெயர்கள் கைகொடுக்கின்றன. தொடக்கத்தில் ஓடியவை கர்சன், எல்ஜின், ஹார்டிஞ்ச். மூவரும் வைஸ்ராய்கள். ஹார்டிஞ்ச் 1910 முதல் 1916வரை பதவியில் இருந்தவர். ஆகவே இவை பாலத்தோடு வந்த கப்பல்கள். பிற்காலத்தில் பயணிகள் நினைவில் நின்றவை இர்வின், கோஷன். இர்வின் வைஸ்ராயாக வந்தது 1926இல். கோஷன் மதராஸ் கவர்னராக 1924 முதல் 1929வரை இருந்தவர். அப்படியென்றால் 1920களின் இறுதியில் கம்பெனி புதுக் கப்பல்களில் பணம் போட்டிருக்கிறது. நஷ்டத்தில் ஓடும் தடத்துக்கு எந்த ரயில்வே கம்பெனியும் புதுக் கப்பல் வாங்காது. தனுஷ்கோடியின் உச்சம் அந்தப் பத்தாண்டில் என்று நான் வைக்கிறேன். நிலையம், சுங்க அலுவலகம், தபால் தந்தி அலுவலகம், மருத்துவமனை, பள்ளிக்கூடம், சத்திரங்கள், கடைகள், கோயில், மாதா கோயில் என்று ஊர் முழுதாக நின்ற காலம்.

இந்தப் பணம் எங்கிருந்து வந்தது? தனுஷ்கோடியைப் பற்றிய நினைவுக் கட்டுரைகள் பெரும்பாலும் முதல் வகுப்புப் பெட்டியிலிருந்தே எழுதப்படுகின்றன. போட் மெயில் என்று அழைக்கப்பட்ட அந்தச் சென்னை வண்டியின் சாப்பாட்டுப் பெட்டி, கொழும்பு போகும் துரைமார்கள், பெரிய வியாபாரிகள். அவர்கள் இருந்தார்கள். ஆனால் இரண்டு நாட்டு ரயில்வேயையும் ஒரு கப்பல் தடத்தையும் தாங்கியது மூன்றாம் வகுப்பு. அதற்கான சான்று தனுஷ்கோடியில் கிடைக்காது. பாலத்துக்கு இந்தப் பக்கம், மண்டபத்தில் இருக்கிறது.

தேயிலைத் தோட்டங்களுக்கு ஆள்கட்டும் கங்காணிகள் புதுக்கோட்டை, திருச்சி, சேலம், மதுரை, ராமநாதபுரம் கிராமங்களில் திரட்டிய குடும்பங்களை மண்டபம் முகாமுக்குக் கொண்டுவந்தார்கள். அந்த முகாம் இந்திய மண்ணில் இருந்தது. நடத்தியது இலங்கை அரசு. அம்மையும் காலராவும் பிளேக்கும் தோட்டங்களுக்குப் போய்விடக் கூடாது என்பதற்காக ஆட்களை அங்கே சில நாட்கள் அடைத்துவைத்து, மருந்தடித்து, ஊசி போட்டு, பிறகுதான் தனுஷ்கோடி வண்டியில் ஏற்றினார்கள். பாலம் வருவதற்கு முன்பே நடைமுறையில் இருந்த தகர டிக்கெட் முறையை இங்கே நினைத்துக்கொள்ள வேண்டும். எந்தத் தோட்டத்து ஆள் என்பதைக் காட்டும் எண் பொறித்த சிறு தகர வில்லை. தொழிலாளி கையில் காசு இல்லாமலே ரயிலும் கப்பலும் ஏறலாம். செலவு தோட்டத்தின் கணக்கில் எழுதப்படும். ஒரு மனிதரின் பெயரும் ஊரும் தேவைப்படாத டிக்கெட் அது. பெயர் கேட்காத ஆவணத்தைக் கையில் வைத்துக்கொண்டு பெயர்களைத் தேடுவதுதான் இந்த ஆய்வில் இருக்கும் பெரிய வேதனை.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் கண்டிச் சீமைக்குப் போனவர்கள் தோணியில் மன்னார்க் கரை சேர்ந்து, காடு வழியாக நாள்கணக்கில் நடந்தார்கள். வழியில் செத்தவர்களுக்குக் கணக்கில்லை. அந்த நடையை இல்லாமல் ஆக்கியது இந்த ரயில்தான் என்பதையும் சொல்ல வேண்டும். தனுஷ்கோடியை வெறும் சுரண்டலின் வாசலாக மட்டும் பார்ப்பது எனக்குச் சரியாகப் படவில்லை. தோட்டத்திலிருந்து ஊர்த் திருவிழாவுக்கும், கல்யாணத்துக்கும், சாவுக்கும் திரும்பி வந்து போவதற்கான வழியும் அதுவே. இரண்டு கரையிலும் உறவு வைத்திருந்த மக்களுக்கு அது பக்கத்து ஊர்ப் பயணம்.

இப்போது சரிவுக்கு வருகிறேன். புயலுக்கு முந்தைய கால் நூற்றாண்டை ஒருவர் பொறுமையாகப் பார்த்தால், கடல் வருவதற்கு முன்பே ஊரின் அடிமண் அரிக்கத் தொடங்கிவிட்டது தெரியும். முதல் தேதி 1939 ஆகஸ்ட் 1. இலங்கையில் இந்தியத் தொழிலாளர்கள் நடத்தப்பட்ட விதத்தால் ஏற்பட்ட தகராறில், பயிற்சியற்ற தொழிலாளர்கள் இலங்கை போவதை இந்திய அரசு அன்று முதல் தடை செய்தது. தனுஷ்கோடியின் மூன்றாம் வகுப்பில் புதிய ஆட்கள் ஏறுவது நின்றது. விடுப்பில் வந்து போகிறவர்கள் மட்டும் மிஞ்சினார்கள்.

அடுத்தது 1947 டிசம்பர். ஏர் சிலோன் நிறுவனம் கொழும்பு, காங்கேசன்துறை, சென்னை என்று விமானம் விடத் தொடங்கியது. முதல் வகுப்புப் பயணியை ரயிலிலிருந்து இறக்கிய தேதி இது. உடனே எல்லோரும் போய்விடவில்லை. ஆனால் அவசரமும் பணமும் உள்ளவர்களுக்கு இனி இருபது மணி நேர ரயிலும் கப்பலும் தேவையில்லை.

மூன்றாவதுதான் ஆழமான வெட்டு. 1948இல் இலங்கை குடியுரிமைச் சட்டமும் குடிவரவுச் சட்டமும் வந்தன. தோட்டத் தமிழர்களில் பெரும்பான்மையினர் நாடற்றவர்களாக ஆனார்கள். பாஸ்போர்ட்டும் விசாவும் வேண்டியதாயிற்று. டிக்கெட் வாங்கிக்கொண்டு ஏறிய பயணத்துக்கு இப்போது இரண்டு அரசுகளின் அனுமதி தேவைப்பட்டது. தனுஷ்கோடி என்ற ஊர் இரண்டு கரைகளும் ஒரே சாம்ராஜ்யத்தில் இருந்தபோது அமைந்தது. நடுவில் எல்லைக்கோடு விழுந்த பிறகும் வண்டி ஓடியது, கப்பல் ஓடியது, சுங்கச் சோதனை நீண்டது, கூட்டம் மெலிந்தது.

நான்காவது தேதியைக் காலவரிசையில் எழுதிப் பார்த்தபோது சற்று நேரம் மேலே போக முடியவில்லை. 1964 அக்டோபர் 30. சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம் கையெழுத்தான நாள். நாடற்றவர்களாக இருந்த மக்களில் 5,25,000 பேரை இந்தியா ஏற்கும், 3,00,000 பேருக்கு இலங்கை குடியுரிமை தரும், மீதி 1,50,000 பேர் விஷயம் பிறகு முடிவாகும். தோட்டத்து மக்களிடம் யாரும் விருப்பம் கேட்கவில்லை. ஐந்தேகால் லட்சம் பேரும் அவர்களின் இயற்கையான பெருக்கமும் கடலைக் கடந்து வர வேண்டிய தடம் தனுஷ்கோடித் தடம். ஒப்பந்தம் கையெழுத்தாகி எட்டு வாரத்துக்குள் அந்தத் துறைமுகமே இல்லாமல் போயிற்று. 1965க்குப் பிறகும் தனுஷ்கோடி இருந்திருந்தால், ஆட்களை அனுப்பிப் பிழைத்த ஊர், அவர்களின் பேரப்பிள்ளைகளைத் திருப்பி வாங்கும் ஊராக மாறியிருக்கும்.

புயலைப் பற்றிய தாள்களில் இரண்டு விஷயங்களைச் சரிபார்க்க வேண்டியிருந்தது. ஒன்று, தேதி. சிலர் டிசம்பர் 22 என்றும் சிலர் 23 என்றும் எழுதுகிறார்கள். இதில் முரண்பாடு இல்லை. வண்டி பாம்பனை விட்டது நள்ளிரவுக்கு ஐந்து நிமிடம் முன்பு. மூழ்கியது நள்ளிரவுக்குப் பிறகு. புறப்பாட்டை வைத்து எழுதுகிறவர்களுக்கு 22, சாவை வைத்து எழுதுகிறவர்களுக்கு 23. தந்திக் கம்பிகள் அறுந்து கிடந்ததால் ஒரு ரயிலே காணாமல் போன செய்தி வெளியே வர நேரமாகியிருக்கிறது. ஆகவே செய்தித்தாளின் தேதியை வைத்து நிகழ்வின் தேதியைச் சொல்லவே கூடாது.

இரண்டாவது, எண்ணிக்கை. ரயிலில் இறந்தவர்கள் 115 பேர் என்பது விற்ற டிக்கெட்டையும் பணியில் இருந்த ஊழியர்களையும் கூட்டி வந்த தொகை. டிக்கெட் வாங்காமல் ஏறியவர்களையும் சேர்த்தால் இருநூறைத் தொடும் என்று மதிப்பிட்டவர்கள் உண்டு. 1,800 பேர் என்று எல்லா இடத்திலும் வரும் எண்ணைப் பலர் தனுஷ்கோடி ஊருக்கு மட்டும் எழுதிவிடுகிறார்கள். அது இந்தியாவிலும் இலங்கையிலும் அந்தப் புயலில் மாண்டவர்களின் மொத்தத்தைக் குறிக்கும் எண். புயல் வவுனியா வழியாக இலங்கையைக் கடந்துதான் இங்கே வந்தது. அக்கரையில் செத்தவர்களையும் இக்கரைக் கணக்கில் எழுதினால், இரண்டு கரையின் துக்கமும் தெளிவில்லாமல் போகும்.

அந்த இரவில் பாம்பன் பாலமும் உடைந்தது. 120க்கும் மேற்பட்ட இரும்புத் துலாக்கள் கடலில் விழுந்தன. நடுவில் இருந்த ஷெர்சர் தூக்குப் பகுதி தப்பியது. பாலத்தைச் சரிசெய்ய ஆறு மாதம் ஆகும் என்று முதலில் கணக்கிட்டார்கள். பிறகு மூன்று மாதம் என்று கெடு வைத்தார்கள். பொறுப்பேற்ற இளம் பொறியாளர் இ. ஸ்ரீதரன், கடலடியில் கிடந்த துலாக்களை மீனவர்கள் உதவியோடு தேடி எடுத்து, மறுபடி பொருத்தி, 46 நாளில் பாலத்தில் ரயிலை ஓடவைத்தார். பிற்காலத்தில் கொங்கண் ரயில்வேயும் டெல்லி மெட்ரோவும் கட்டிய அதே ஸ்ரீதரன். அன்று அவருக்குக் கிடைத்த பரிசு 1,000 ரூபாய்.

என் தேடலின் மையமே இந்த 46 நாள்தான். கடலுக்குள் விழுந்த பாலத்தை ஒன்றரை மாதத்தில் தூக்கி நிறுத்தத் தெரிந்த ரயில்வேக்கு, 15 மைல் மணல்பாதையைப் போடத் தெரியாமல் போயிருக்காது. போட வேண்டாம் என்று முடிவெடுத்தார்கள். தனுஷ்கோடி மனிதர் வாழத் தகுதியற்ற இடம் என்று அரசு அறிவித்தது. வண்டி பாம்பனிலிருந்து ராமேஸ்வரத்துக்குத் திரும்பியது. 1914இல் கிளையாக இருந்த பாதை பிரதானப் பாதையாயிற்று. பிரதானப் பாதை மணலுக்குள் போயிற்று. இந்தியா–இலங்கைப் போக்குவரத்து 1920களின் வேகத்தில் இருந்திருந்தால், அந்தத் துறையை எந்த அரசும் அவ்வளவு சுலபமாகக் கைவிட்டிருக்காது என்பது என் முடிவு. பாலத்தைத் திரும்பக் கட்ட ராமேஸ்வரம் என்ற காரணம் இருந்தது. தனுஷ்கோடிக்கு அப்போது காரணம் மிஞ்சவில்லை. 1939 முதல் 1964வரை நான்கு தேதிகளில் அது எடுத்துச் செல்லப்பட்டிருந்தது.

அறிவிப்பு தவறானது என்று நான் சொல்லவில்லை. இருபுறமும் கடல் தெரியும் மணல் திட்டில், இருபது அடி அலை ஏறிய இடத்தில், பள்ளிக்கூடமும் மருத்துவமனையும் மறுபடி கட்டுவது ஆபத்து என்று ஒரு நிர்வாகி நினைத்ததில் நியாயம் உண்டு. அதற்குப் பிறகு நடந்ததில்தான் நியாயம் இல்லை. ஊர் இல்லை என்று கோப்பு சொன்னது. மீனவர்கள் திரும்பி வந்துவிட்டார்கள். இல்லாத ஊருக்கு மின்கம்பியும் குடிநீர்க் குழாயும் எப்படிப் போகும்? பல பத்தாண்டுகள் அவர்கள் ஓலைக் குடிசைகளில் அப்படியே இருந்தார்கள். பெண்கள் மணலில் கையால் பள்ளம் தோண்டுவார்கள். சிறிது நேரத்தில் நீர் ஊறும். கடல் சில எட்டுகளில் இருக்கும், ஊற்று நீர் குடிக்க நன்றாக இருக்கும். கொட்டாங்கச்சியால் அல்லது சிறு கிண்ணத்தால் கலங்காமல் மொண்டு குடத்தில் ஊற்றுவார்கள். பக்கத்தில் நிற்கும் மாதா கோயில் சுவரை நெருங்கிப் பார்த்தால், முருகைக் கல்லின் துளைகள் காரை உதிர்ந்த இடங்களில் தெரியும். கடலிலிருந்து எடுத்த கல்லால் கட்டிய கோயில். சற்றுத் தள்ளி ரயில்வே தண்ணீர்த் தொட்டியைத் தாங்கிய தூண்கள். சுற்றுலா வருகிறவர்கள் இவற்றின் முன் நின்று படம் எடுக்கிறார்கள். இடிபாடுகளுக்கு நடுவில் குடியிருப்பவர்களை அந்தப் படங்களில் காண முடிவதில்லை.

கப்பல் தடம் மட்டும் உடனே சாகவில்லை. ராமேஸ்வரத்திலிருந்து தலைமன்னாருக்கு ராமானுஜம் என்ற கப்பல் ஓடியது. ஒப்பந்தப்படி திரும்பிவந்த மலையகக் குடும்பங்கள் அதில்தான் வந்து இறங்கினார்கள். அவர்களை வரவேற்று, பதிந்து, நீலகிரிக்கும் வேறு மாவட்டங்களுக்கும் பிரித்து அனுப்பிய இடம் அதே மண்டபம் முகாம். தாத்தாவுக்குத் தடுப்பூசி போட்டுக் கண்டிக்கு அனுப்பிய இடத்தில் பேரனின் பெயரைப் பதிந்தார்கள். 1983இல் போர் மூண்ட பிறகு கப்பல் நின்றது. முகாம் ஈழத்திலிருந்து வந்த அகதிகளால் நிறைந்தது.

எதிர்க்கரையின் கதை வேறு விதமாகப் போயிற்று. தலைமன்னார்ப் பாதை 1990இல் போரால் நின்றது. தண்டவாளங்கள் பெயர்க்கப்பட்டன. போர் முடிந்த பிறகு இந்திய அரசு நிறுவனமான இர்கான் அந்தப் பாதையைப் புதிதாகப் போட்டது. 2015 மார்ச் 14ஆம் தேதி இந்தியப் பிரதமர் முன்னிலையில் தலைமன்னாருக்கு மறுபடி ரயில் ஓடத் தொடங்கியது. இந்தப் பக்கம் 2017இல் முகுந்தராயர் சத்திரத்திலிருந்து அரிச்சல்முனைவரை ஒன்பதரை கிலோமீட்டர் சாலை திறந்தது. அதுவரை மணலில் உறுமிக்கொண்டு போன வேன்கள்தான் கதி. 2019 மார்ச்சில் ராமேஸ்வரம்–தனுஷ்கோடி ரயில்பாதைக்கு அடிக்கல் நாட்டப்பட்டது. 2025 ஏப்ரலில் பாம்பனில் புதிய பாலம் திறந்தது. பாலம் வந்துவிட்டது, தனுஷ்கோடிப் பாதை வரவில்லை. அந்தத் திட்டத்தில்கூடப் பாதை ராமேஸ்வரத்திலிருந்துதான் போடுவதாக இருந்தது. பாம்பனில் பிரிந்த பழைய பாதை திட்டத்தில் இல்லை.

தனுஷ்கோடிக்கு மறுபடி ரயில் வேண்டுமா என்று என்னிடம் கேட்டால், வேண்டாம் என்றே சொல்வேன். அங்கிருந்து இலங்கைக்குக் கப்பல் இல்லாமல் ரயில் விடுவது இடிபாடு பார்க்க வருகிறவர்களுக்காக மட்டும் இருக்கும். அந்தச் செலவில் ஒரு பகுதியைக் கொண்டு அங்கே குடியிருக்கும் மீனவர்களுக்குத் தண்ணீரும் மின்சாரமும் ஒழுங்காகக் கிடைக்கச் செய்யலாம். செய்ய வேண்டிய இன்னொன்று, காகிதங்களைக் காப்பாற்றுவது. ரயில்வேயின் கணக்கு, கெசட்டியர், ராணுவ வரைபடம் எல்லாம் அரசுகளின் கையெழுத்தில் எழுதிய தனுஷ்கோடியைத்தான் தருகின்றன. அங்கே பயணச்சீட்டுக் கொடுத்தவர், சுமை தூக்கியவர், பள்ளியில் பாடம் எடுத்தவர், தகர வில்லையோடு கப்பலேறியவர் ஆகியோரின் தனுஷ்கோடி குடும்பங்களின் டிரங்குப் பெட்டிகளில் இருக்கிறது.

உங்கள் வீட்டில் தலைமன்னார் முத்திரை விழுந்த பழைய பாஸ்போர்ட், மண்டபம் முகாமில் கொடுத்த சீட்டு, தனுஷ்கோடித் தபால் முத்திரையோடு ஒரு கடிதம், ரயில்வேயில் வேலை பார்த்த பாட்டனாரின் பணிப்புத்தகம், அங்கே எடுத்த ஒரு புகைப்படம் என்று எது இருந்தாலும் தயவுசெய்து பழைய பேப்பர் கடைக்குப் போட்டுவிடாதீர்கள். பின்னால் பென்சிலால் யார், எந்த வருடம் என்று எழுதிவையுங்கள். சென்னை எழும்பூரில் உள்ள தமிழ்நாடு ஆவணக்காப்பகத்தையோ தரமணியில் உள்ள ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தையோ அணுகி, மூலத்தைக் கொடுக்க மனமில்லையென்றால் ஒரு நகலாவது எடுத்துக்கொள்ளச் சொல்லுங்கள். புயலுக்கு முந்தைய அந்த ஊரில் பிறந்தவர்களில் மிக இளையவருக்கும் இன்று அறுபது வயது கடந்துவிட்டது.